எசமானர்களின் கணக்கேட்டில் எதிர்ப்பின் தடம்

அட்லாண்டிக் பெருங்கடலைக் கடந்து கொண்டுசெல்லப்பட்ட அத்தனை ஆப்பிரிக்கர்களும் ஏன் எதிர்க்காமல் அடங்கிக் கிடந்தார்கள், கடைசியில் வெள்ளையர்களின் பாராளுமன்றங்கள்தானே மனமிரங்கி அவர்களை விடுவித்தன என்பது கேள்வி. இதில் இரண்டு கூற்றுகள் பின்னிக் கிடக்கின்றன. அடிமைகள் எதிர்க்கவில்லை என்ற முதல் கூற்று பிழையானது. விடுதலை மேலிருந்து வந்தது என்ற இரண்டாவது கூற்றில் பாதி உண்மை உண்டு. ஆனால் அந்தப் பாதியும் முதல் பிழையைத் திருத்திய பிறகுதான் சரியாகப் புரியும்.

16ஆம் நூற்றாண்டு முதல் 19ஆம் நூற்றாண்டு வரை ஆப்பிரிக்கக் கரைகளில் கப்பலேற்றப்பட்டோர் ஏறத்தாழ 1 கோடியே 25 லட்சம் பேர். மறுகரையில் உயிரோடு இறங்கியோர் 1 கோடியே 7 லட்சம் பேர். இவர்களில் தம் கதையைத் தாமே எழுதிவைக்க வாய்த்தவர்கள் மிகமிகச் சிலர். எழுதியவர்கள் எசமானர்களும், கப்பல் தலைவர்களும், காப்பீட்டாளர்களும், சட்டசபைகளும்தான். ஆகவே எதிர்ப்பைத் தேடுகிறவர் அடிமைகளின் நாட்குறிப்பைத் தேடிப் பயனில்லை. அவர்களை வைத்திருந்தவர்களின் காகிதங்களைத்தான் புரட்ட வேண்டும். நடக்காத செயலுக்கு யாரும் தண்டனை விதித்துச் சட்டம் எழுதுவதில்லை.

பிரெஞ்சு அரசன் 14ஆம் லூயி 1685இல் தன் கரீபியன் குடியேற்றங்களுக்காகப் பிறப்பித்த ‘கறுப்புச் சட்டம்’ இதற்கு நல்ல சாட்சி. அதன் 38ஆம் பிரிவின்படி, ஒரு மாதம் தலைமறைவாக இருந்த அடிமையின் இரு காதுகளையும் அறுத்து, ஒரு தோளில் லில்லி மலர் முத்திரையைக் காய்ச்சிய இரும்பால் பதிக்க வேண்டும். மறுபடியும் ஒரு மாதம் ஓடினால் முழங்காலின் பின்புற நரம்பை வெட்டி, மற்றத் தோளிலும் முத்திரை. மூன்றாம் முறைக்கு மரணம். காதுகளை இழந்து சூடுபட்டவன் மீண்டும் ஓடுவான், கால் நரம்பு அறுபட்டவனும் மூன்றாவது முறை ஓடப் பார்ப்பான் என்று அரசனின் சட்ட வல்லுநர்களே எதிர்பார்த்து எழுதியிருக்கிறார்கள். அதே சட்டம் அடிமைகள் பெரிய தடி வைத்திருப்பதையும், வெவ்வேறு எசமானர்களின் அடிமைகள் கல்யாணம் என்ற பெயரில்கூட ஒன்றுகூடுவதையும் தடை செய்கிறது.

வட அமெரிக்காவில் தென் கரோலினாவும் இப்படித்தான் பேசுகிறது. 1739 செப்டம்பர் 9, ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஸ்டோனோ ஆற்றங்கரையில் ஒரு கூட்டம் ஆயுதக் கடையைக் கைப்பற்றி, முரசு கொட்டிக்கொண்டு தெற்கே நடந்தது. ஸ்பானியர் வசமிருந்த புளோரிடாவுக்குப் போய்ச் சேர்ந்தால் விடுதலை கிடைக்கும் என்ற செய்தி அவர்களை எட்டியிருந்தது. கலகம் அடக்கப்பட்டது, மறு ஆண்டு வந்த சட்டம் அடிமைகள் முரசும் ஊதுகொம்பும் வைத்திருப்பதைத் தடை செய்தது, அவர்களுக்கு எழுதக் கற்பிப்பதையும் தடை செய்தது. அதே சட்டம் வாசிக்கக் கற்பிப்பதைப் பற்றிப் பேசவில்லை என்பது கவனிக்கத் தக்கது. தோட்டத்தை விட்டு வெளியே போக எசமானர் கையெழுத்திட்ட அனுமதிச் சீட்டு வேண்டும். எழுதத் தெரிந்தவன் அந்தச் சீட்டைத் தானே எழுதிக்கொள்வான் என்பதுதான் அவர்களின் அச்சமாக இருந்திருக்க வேண்டும்.

கப்பல்களிலும் இந்த அச்சம் மரவேலைப்பாடாகவே நின்றது. அடிமைக் கப்பலின் மேல்தளத்தைக் குறுக்கே மறித்து ஆளுயரத்துக்கு மேல் ஒரு பலகைச் சுவர் எழுப்புவார்கள். கலகம் மூண்டால் மாலுமிகள் அதன் பின்னால் ஒதுங்கி, துளைகள் வழியே சுடுவதற்காக. பக்கங்களில் வலை கட்டுவார்கள், யாரும் கடலில் குதித்துவிடாமல் இருப்பதற்காக. உண்ண மறுத்தவர்களின் தாடையை நெம்பித் திறக்கத் திருகு பொருத்திய இரும்புக் கருவி ஒன்றும் இருந்தது. பத்துப் பயணங்களுக்கு ஒன்றில் கலகம் நடந்திருக்கலாம் என்பது இன்றைய மதிப்பீடு. சரக்குக் கப்பலுக்குத் தேவைப்படுவதைவிடக் கூடுதலான மாலுமிகளையும் துப்பாக்கிகளையும் சுமக்க வேண்டியிருந்ததால் ஒவ்வொரு பயணத்தின் செலவும் ஏறியது. செலவு ஏறியதால் ஏற்றப்பட்டோர் தொகை குறைந்தது. தோற்றுப்போன கலகங்களும், கரையில் நின்றிருந்த முகமறியாத பலரை இப்படிக் காப்பாற்றியிருக்கின்றன.

1781இல் இங்கிலாந்தில் வெளியான ஒரு காப்பீட்டுக் கையேடு இந்தக் கணக்கை அப்பட்டமாகச் சொல்கிறது. அடிமை நோயால் இறந்தால் அது இயற்கை மரணம், காப்பீட்டாளர் பணம் தர வேண்டியதில்லை. மனமுடைந்து தன்னைத் தானே மாய்த்துக்கொண்டால், அதுவும் இயற்கை மரணமே. அப்படி அடிக்கடி நடக்கிறது என்றும் அந்தக் கையேடு சேர்த்துக்கொள்கிறது. ஆனால் கலகத்தை அடக்கும்போது கொல்லப்பட்டாலோ கடலில் வீசப்பட்டாலோ காப்பீட்டாளர் ஈடு செய்ய வேண்டும். அதே ஆண்டின் இறுதியில் ‘சோங்’ என்ற கப்பலிலிருந்து சுமார் 130 பேர் உயிரோடு கடலில் வீசப்பட்டார்கள். தண்ணீர் தீர்ந்துவிட்டது என்பது சொல்லப்பட்ட காரணம். உரிமையாளர்கள் தலைக்கு 30 பவுண்டு வீதம் காப்பீடு கேட்டு வழக்காடினார்கள். 1783இல் நடந்த விசாரணையில் நடுவர் குழு அவர்கள் பக்கமே தீர்ப்பளித்தது. குதிரைகளைக் கடலில் வீசியது போலத்தான் அவர்கள் இந்த வழக்கைப் பார்த்தார்கள் என்று தலைமை நீதிபதி மான்ஸ்ஃபீல்டு பின்னர் குறிப்பிட்டு, மறுவிசாரணைக்கு உத்தரவிட்டார். கொலை வழக்கு மட்டும் யார்மீதும் தொடரப்படவில்லை.

எனக்கு இவை எல்லாவற்றையும்விடப் பேசும் சாட்சியாகப் படுவது நாளிதழ்களில் வந்த ‘தப்பியோடியோர்’ விளம்பரங்கள். அவற்றில் ஒன்று 1769 செப்டம்பரில் வர்ஜீனியாவின் ஒரு செய்தித்தாளில் வந்தது. ஓடிப்போனவரின் பெயர் சாண்டி. வயது சுமார் 35, குள்ளமான, சற்றே பருத்த உடல், வெளிர்ந்த நிறம். செருப்புத் தைப்பது தொழில்; அதில் பெரும்பாலும் இடக்கையையே பயன்படுத்துவார். முரட்டுத் தச்சு வேலையும் தெரியும், குதிரையும் ஓட்டுவார். குடித்தால் துடுக்காகப் பேசுவார், தந்திரக்காரர் என்று எசமானர் எரிச்சலோடு எழுதுகிறார். போகும்போது ஏர்க்கயிறு உராய்ந்து தழும்பேறிய ஒரு வெள்ளைக் குதிரையையும், தம் செருப்புத் தைக்கும் கருவிகளையும் கொண்டுபோயிருக்கிறார். பிடித்துக் கொடுத்தால் உள்ளூரில் 40 ஷில்லிங், குடியேற்றத்தின் வேறு பகுதியில் 4 பவுண்டு, வேறு குடியேற்றத்தில் 10 பவுண்டு பரிசு. விளம்பரம் கொடுத்தவர் தாமஸ் ஜெஃபர்சன். மனிதர் அனைவரும் சமமாகப் படைக்கப்பட்டவர்கள் என்று அமெரிக்க விடுதலைப் பிரகடனத்தில் அவர் எழுத இன்னும் ஏழு ஆண்டுகள் இருந்தன. சாண்டி எப்படியோ பிடிபட்டிருக்க வேண்டும். 1773இல் ஜெஃபர்சன் அவரை 100 பவுண்டுக்கு விற்றுவிட்டார்.

அந்தச் செருப்புக் கருவிகளைக் கவனியுங்கள். கோபத்தில் ஓடுகிறவர் கருவிப் பையைத் தூக்கிக்கொண்டு ஓடுவதில்லை. போய்ச் சேரும் ஊரில் கூலிக்கு வேலை செய்து, சொந்தச் சம்பாத்தியத்தில் பிழைக்கும் திட்டம் அதில் இருக்கிறது. அடிமைகள் தாங்களாக எதையும் சிந்திக்காதவர்கள் என்று மேடையில் பேசிய வர்க்கமே, விளம்பரம் கொடுக்கும்போது அவர்களின் கைத்திறனையும், பேச்சுச் சாமர்த்தியத்தையும், எந்த ஊரில் உறவினர் இருக்கிறார்கள் என்பதையும் நுணுக்கமாக எழுதியது. பணம் போகிற இடத்தில் பொய் சொல்ல முடியாதல்லவா?

ஓடாதவர்களும் சும்மா இருந்துவிடவில்லை. மண்வெட்டி உடையும், கரும்புக்காட்டில் தீப்பிடிக்கும், மாடு வேலி தாண்டும், கங்காணி தலை மறைந்ததும் வேலை மெதுவாகும். லூயிசியானாவைச் சேர்ந்த சாமுவேல் கார்ட்ரைட் என்ற மருத்துவர் 1851இல் இதற்கெல்லாம் நோய்ப் பெயர் சூட்டினார். தப்பியோடும் வேட்கைக்கு ‘ட்ரேபெட்டோமேனியா’ என்று பெயர். வேலையைக் கெடுத்து, கருவிகளை உடைத்து, மந்தமாகத் திரிவதற்கு இன்னொரு நீண்ட கிரேக்கப் பெயர். இந்த இரண்டாவது நோயைக் கங்காணிகள் வெறும் போக்கிரித்தனம் என்று அழைப்பதாக அவர் குறைபட்டுக்கொள்கிறார். இந்த ஒரு விஷயத்தில் மருத்துவரைவிடக் கங்காணிகளே உண்மைக்குப் பக்கத்தில் இருந்தார்கள். செய்கிறவர்கள் தெரிந்தேதான் செய்கிறார்கள் என்பது அவர்களுக்குப் புரிந்திருந்தது. இரு நோய்க்கும் மருத்துவர் பரிந்துரைத்த சிகிச்சைகளில் சாட்டையடியும் ஒன்று.

அப்படியானால் வெளிப்படையான பெருங்கலகங்கள் எல்லா இடத்திலும் ஏன் நடக்கவில்லை என்று கேட்கலாம். துணிச்சலைவிடத் தலைக்கணக்கும் நில அமைப்புமே இதைத் தீர்மானித்தன. ஜமைக்காவில் பத்தில் ஒன்பது பேர் அடிமைகள். உள்ளே ஏறி ஒளியக் காடும் மலையும் உண்டு. அமெரிக்கத் தென் மாநிலங்களில் மூன்றில் ஒருவரே அடிமை. சுற்றிலும் ஆயுதம் தாங்கிய வெள்ளைக் குடியானவர்கள், இரவு ரோந்து. அங்கே கலகம் என்பது பிள்ளைகுட்டிகளோடு சேர்ந்து சாவதாகும். அங்கே பலரும் தனியாகவோ இருவராகவோ வடக்கு நோக்கி நழுவியதற்கு அதுவே காரணம்.

காடும் மலையும் இருந்த இடங்களில் தனி ஊர்களே எழுந்தன. பிரேசிலின் வடகிழக்கில் பல்மாரெஸ் என்னும் தப்பியோடியோர் குடியிருப்புத் தொகுதி 17ஆம் நூற்றாண்டின் பெரும்பகுதி தாக்குப்பிடித்தது. போர்த்துக்கீசியரும் டச்சுக்காரரும் மாறிமாறிப் படையெடுத்தும் 1694இல்தான் அது வீழ்ந்தது. அதன் கடைசித் தலைவர் சும்பி கொல்லப்பட்ட நவம்பர் 20 இன்று பிரேசிலில் கறுப்பின விழிப்புணர்வு நாள். ஜமைக்காவின் மலைகளில் மரூன்கள் என்று அழைக்கப்பட்ட தப்பியோடியோர் ஆங்கிலேயப் படையைச் சலிக்கவைத்து, 1739இல் தலைவர் குட்ஜோவின் பெயரில் உடன்படிக்கையே எழுதவைத்தார்கள். இங்கே வீரக்கதையோடு நிறுத்திவிடக் கூடாது. தங்கள் விடுதலைக்கும் 1,500 ஏக்கர் நிலத்துக்கும் ஈடாக, இனி ஓடிவரும் அடிமைகளைப் பிடித்துத் திருப்பிக் கொடுப்பதாகவும், கலகங்களை அடக்கத் துணைநிற்பதாகவும் மரூன்கள் அதில் ஒப்புக்கொண்டார்கள். 1760இல் டாக்கி என்பவர் தலைமையில் பெருங்கலகம் மூண்டபோது, அவரைச் சுட்டு வீழ்த்தியவர்களும் மரூன்களே. தனக்கு விடுதலை வேண்டும் என்பதற்கும், அடிமை முறையே கூடாது என்பதற்கும் இடையே பெரிய தூரம் இருந்தது.

அந்தத் தூரத்தைக் கடந்த இடம் இன்று ஹெய்ட்டி எனப்படும் பிரெஞ்சுக் குடியேற்றமான சான் டொமிங். 1789 வாக்கில் ஐரோப்பாவின் சர்க்கரையில் ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கும் காபியில் பாதிக்கு மேலும் அங்கிருந்தே போயின. அடிமைகள் சுமார் 5 லட்சம்; வெள்ளையர் ஏறத்தாழ 30,000 பேர். கரும்பு வேலை ஆட்களை விரைவில் கொன்றுவிடும் என்பதால் புதியவர்கள் வந்துகொண்டே இருந்தார்கள். பெரும்பாலோர் ஆப்பிரிக்காவில் பிறந்தவர்கள், அவர்களில் பலர் காங்கோவின் உள்நாட்டுப் போர்களில் ஆயுதம் பழகியவர்கள். 1791 ஆகஸ்ட் 22ஆம் தேதி இரவு வடக்குச் சமவெளியின் தோட்டங்கள் எரியத் தொடங்கின. இரண்டு ஆண்டுகளில் பிரான்சின் ஆணையர் சோந்தோனாக்ஸ், ஸ்பானியரும் ஆங்கிலேயரும் நெருக்கிவந்த நிலையில், கலகக்காரர்களைத் தம் பக்கம் இழுக்க வேறு வழியின்றி வடக்கில் அடிமை ஒழிப்பை அறிவித்தார். 1794 பிப்ரவரி 4இல் பாரிசின் மாமன்றம் அதை எல்லாக் குடியேற்றங்களுக்கும் விரித்தது. பாரிஸ் செய்தது, தீவில் ஏற்கெனவே நடந்து முடிந்ததை உறுதிப்படுத்தியதுதான்.

கொடுத்ததைத் திரும்பப் பிடுங்கலாம் என்று நெப்போலியன் நினைத்தான். 1802இல் அவனுடைய மைத்துனர் லெக்ளேர் பெரும்படையோடு வந்திறங்கினார். கலகத்தின் தலைவராக எழுந்திருந்த முன்னாள் அடிமை தூசான் லூவெர்த்யூர் வஞ்சகமாகக் கைதுசெய்யப்பட்டு, மறு ஆண்டு பிரான்சின் குளிர்ந்த மலைக்கோட்டை ஒன்றில் இறந்தார். ஆனால் அருகிலிருந்த குவாதலூப்பில் அடிமை முறை திரும்புகிறது என்ற செய்தி வந்ததும் போர் மீண்டும் மூண்டது. ‘இவர்கள் சாவைக் கண்டு சிரிக்கிறார்கள், பெண்களும் அப்படியே’ என்ற பொருளில் 1802 ஆகஸ்டில் லெக்ளேர் பாரிசுக்கு எழுதினார். எசமானர் தரப்பின் ஆவணங்களில் இதைவிடத் தெளிவான வாக்குமூலம் அரிது. சில மாதங்களில் அவரும் மஞ்சள் காய்ச்சலில் மடிந்தார். 1804 ஜனவரி 1 அன்று தூசானின் தளபதியாக இருந்த டெஸ்ஸலின் ஹெய்ட்டியின் விடுதலையை அறிவித்தார். அதற்கு விலையும் வந்தது: 1825இல் பிரான்ஸ் போர்க்கப்பல்களை நிறுத்தி, முன்னாள் எசமானர்களுக்கு இழப்பீடாக 15 கோடி பிராங்க் கேட்டது, பின்னர் அது 9 கோடியாகக் குறைக்கப்பட்டாலும், அதைக் கட்ட வாங்கிய கடன்களின் சுமை 20ஆம் நூற்றாண்டு வரை நீண்டது.

இனி இங்கிலாந்துப் பாராளுமன்றம். அங்கே மக்கள் இயக்கம் உண்மையானது. அதைக் குறைத்துச் சொல்வது நியாயமில்லை. 1792இல் மட்டும் 500க்கும் மேற்பட்ட மனுக்கள் வந்தன, இலட்சக்கணக்கானோர் அடிமைகள் விளைவித்த சர்க்கரையை ஒதுக்கினார்கள். 1807இல் அடிமை வணிகம் தடைசெய்யப்பட்டது. ஆனால் தோட்டங்களில் இருந்தவர்கள் அடிமைகளாகவே தொடர்ந்தார்கள். படிப்படியாகப் பார்க்கலாம் என்ற பேச்சிலேயே கால் நூற்றாண்டு கழிந்தது. 1831 கிறிஸ்துமஸ் முடிந்ததும் ஜமைக்காவில் சாம் ஷார்ப் என்ற அடிமை, பாப்டிஸ்ட் சபையின் உபதேசியார், ஒரு வேலைநிறுத்தத்துக்குத் திட்டமிட்டார்: கூலி தருவதாக ஒப்புக்கொண்டாலன்றிக் கரும்பு வெட்டப் போவதில்லை. டிசம்பர் 27 இரவு கென்சிங்டன் தோட்டத்தில் தீ மூண்டது. மேற்கு ஜமைக்கா முழுதும் பரவிய அந்த எழுச்சியில் 60,000 பேர் வரை பங்கெடுத்தார்கள். இறந்த வெள்ளையர் 14 பேர். பழிவாங்கலில் தூக்கிலிடப்பட்ட அடிமைகள் 300க்கும் மேல். 1832 மே 23 அன்று ஷார்ப்பைத் தூக்கிலிட்டார்கள். அதே மாதம் லண்டன் பாராளுமன்றம் அடிமை ஒழிப்பு பற்றி ஆராயக் குழு அமைத்தது. அடுத்த ஆண்டு சட்டம் நிறைவேறியது. அடிமை முறையைத் தக்கவைக்க இனி எத்தனை படை வேண்டும், அதற்கு யார் வரி கட்டுவது என்ற கேள்வி, மனச்சாட்சியின் குரலோடு சேர்ந்து அந்த அவையில் ஒலித்தது.

அந்தச் சட்டத்தின் இழப்பீட்டுக் கணக்கைப் பார்த்தால் மனமிரக்கத்தின் அளவு தெரியும். இரண்டு கோடி பவுண்டு, அரசின் ஆண்டுச் செலவில் ஏறத்தாழ 40 விழுக்காடு, எசமானர்களுக்கு வழங்கப்பட்டது. அதற்காக வாங்கிய கடனின் கடைசிப் பகுதி 2015இல்தான் தீர்ந்தது. விடுவிக்கப்பட்ட சுமார் 8 லட்சம் பேருக்கு ஒரு காசுகூட இல்லை. மாறாக, ஆறு வயதுக்கு மேற்பட்டோர் ‘தொழில் பயில்வோர்’ என்ற பெயரில் மேலும் சில ஆண்டுகள் பழைய எசமானருக்கே கூலியின்றி உழைக்க வேண்டும் என்றது சட்டம். வாழ்நாள் முழுதும் கரும்பு வெட்டியவர்களுக்கு அதில் பயில இன்னும் என்ன மீதம் இருந்தது என்பதை அது சொல்லவில்லை. 1834 ஆகஸ்ட் 1 அன்று ட்ரினிடாடின் ஆளுநர் மாளிகை முன்னால் கூடியவர்கள், அவர் விளக்கம் சொல்லச் சொல்ல, ‘ஆறாண்டு வேண்டாம்’ என்று பிரெஞ்சு மொழியில் கத்திக்கொண்டே நின்றார்கள். அந்த ஏற்பாடு உரிய காலத்துக்கு முன்பே, 1838 ஆகஸ்டில், கைவிடப்பட்டது. அதற்குள் தோட்டக்காரர்கள் இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளை இறக்கத் தொடங்கியிருந்தார்கள். அது வேறொரு நீண்ட கதை.

லிங்கனின் விடுதலை அறிவிப்புக்கும் இதே போன்ற முன்கதை உண்டு. 1861 மே மாதத்தில், உள்நாட்டுப் போர் தொடங்கிச் சில வாரங்களில், ஃபிராங்க் பேக்கர், ஷெப்பர்டு மலோரி, ஜேம்ஸ் டவுன்சென்ட் என்ற மூன்று அடிமைகள் இரவில் படகு வலித்து, வர்ஜீனியாவில் வடக்குப் படையின் பிடியிலிருந்த மன்றோ கோட்டைக்குப் போனார்கள். தெற்குப் படைக்கு அரண் கட்டும் வேலையில் அவர்கள் ஈடுபடுத்தப்பட்டிருந்தார்கள். மறுநாள் வெள்ளைக்கொடியோடு ஒரு தெற்கு அதிகாரி வந்து, தப்பியோடிய அடிமைகளைத் திருப்பித் தரச் சட்டம் சொல்கிறதே என்று கேட்டார். கோட்டைத் தளபதி பட்லர் தொழிலால் வழக்கறிஞர். வர்ஜீனியா தனி நாடு என்று நீங்களே சொல்கிறீர்கள், வெளிநாட்டுக்கு அமெரிக்கச் சட்டம் பொருந்தாது என்று அவர் பதில் சொல்லி, மூவரையும் போர்ப் பறிமுதல் பொருளாக வைத்துக்கொண்டார். பொருள் என்ற அந்தச் சொல்லை நினைத்தால் இன்றும் கசக்கத்தான் செய்கிறது. ஆனால் செய்தி பரவிச் சில நாள்களில் குடும்பம் குடும்பமாக ஆட்கள் கோட்டை வாசலில் வந்து நின்றார்கள். இதை உறுதிப்படுத்தி வாஷிங்டன் சட்டம் இயற்றியது ஆகஸ்டில். விடுதலை அறிவிப்பு வந்தது 1863இல். போர் முடிவதற்குள் வடக்குப் படையில் சேர்ந்திருந்த கறுப்பினத்தவர் ஏறத்தாழ 1,80,000 பேர்.

அமெரிக்கக் கண்டங்களில் அடிமை முறையைக் கடைசியாக ஒழித்தது பிரேசில். 1881இல் சியாரா மாகாணத்துக் கட்டுமரக்காரர்கள், அடிமைகளைக் கரையிலிருந்து கப்பலுக்கு ஏற்றிச்செல்ல மாட்டோம் என்று மறுத்தார்கள்; 1887 வாக்கில் சாவோ பாலோவின் காபித் தோட்டங்களிலிருந்து அடிமைகள் கூட்டம் கூட்டமாக நடந்தே வெளியேறினார்கள். ஓடும் ஏழைகளைத் துரத்திப் பிடிப்பது படைவீரனின் வேலை அல்ல, அந்த வேலையை எங்களுக்குத் தராதீர்கள் என்று இராணுவ அதிகாரிகளே அரசப் பிரதிநிதியான இளவரசி இசபெலிடம் அந்த ஆண்டு மனுக் கொடுத்தார்கள். 1888 மே 13இல் அவர் கையெழுத்திட்ட சட்டத்தில் இரண்டே பிரிவுகள். இழப்பீட்டுப் பேச்சே அதில் இல்லை. முன்னாள் எசமானர்கள் விடாமல் இழப்பீடு கேட்டுக்கொண்டே இருந்தார்கள். 1890 டிசம்பரில் நிதியமைச்சர் ருய் பார்போசா, கருவூலத்தில் இருந்த அடிமைப் பதிவேடுகளை எரிக்க ஆணையிட்டார். நாட்டின் களங்கத்தைத் துடைப்பது ஆணையில் சொன்ன காரணம். இழப்பீட்டுக் கோரிக்கைக்கு ஆதாரமில்லாமற் போனது கைமேல் கிடைத்த பலன். பிரிட்டனில் யாருக்கு எத்தனை அடிமைகளுக்காக எவ்வளவு தொகை என்பதை இன்று வரிவரியாகப் படித்துவிட முடிகிறது. பிரேசிலில் அந்தப் பெயர்களைத் தேவாலயங்களின் ஞானஸ்நானப் பதிவேடுகளிலும், பழைய விற்பனைப் பத்திரங்களிலும், நாளிதழ்களின் தப்பியோடியோர் விளம்பரங்களிலும்தான் ஊர் ஊராகத் தேடிச் சேர்த்துக்கொண்டிருக்கிறார்கள்.